யாருடைய கடிகாரம்?

ராக் இசைக்காரன் ஒருவன் சினிமாவுக்கும் டெலிவிஷனுக்கும் இசையமைக்கப் போனால் அவனைப் பற்றிச் சொல்ல நம் வட்டத்தில் இரண்டு தீர்ப்புகள் எப்போதும் தயாராக இருக்கின்றன. ஒன்று, விலைபோய்விட்டான். மற்றது, வளர்ந்துவிட்டான். முதல் தீர்ப்பைச் சொல்கிறவர்கள் தங்களைச் சமரசம் அறியாதவர்களாக எண்ணிக்கொள்கிறார்கள். இரண்டாவதைச் சொல்கிறவர்கள் தங்களை விசால மனம் படைத்தவர்களாக. இரு தரப்பாரும் இசையைக் கேட்பதில்லை என்பது என் குற்றச்சாட்டு. ஒருவர் பார்ப்பது பணப்பையை. மற்றவர் பார்ப்பது ஏணியை.

ஸ்டீவர்ட் கோப்லாண்டை வைத்து இதைப் பேச விரும்புகிறேன். நம் தினசரிகளுக்கு இந்தப் பெயர் 2022-ல்தான் தெரியவந்தது. பெங்களூர் ரிக்கி கேஜுடன் சேர்ந்து அவர் செய்த ‘டிவைன் டைட்ஸ்’ என்ற இசைத்தொகுப்புக்கு கிராமி பரிசு வந்தபோது, பரிசில் இந்தியாவுக்கு எவ்வளவு பங்கு என்று கணக்குப் பார்த்த கையோடு, கூட இருந்த அமெரிக்கரை ‘போலீஸ் குழுவின் டிரம்மர்’ என்று ஒரே வரியில் அறிமுகம் செய்து முடித்துக்கொண்டார்கள். தினசரிகளோடு எனக்குச் சண்டை இல்லை. அது அவர்கள் தொழில். ஆனால் அந்த ஒற்றை வரிக்கும் இன்றைக்கும் நடுவே நாற்பது வருஷ வேலை கிடக்கிறது: ஐம்பதுக்கு மேற்பட்ட படங்களும் தொடர்களும், வீடியோ விளையாட்டுகளும், ஓபராக்களும். அந்த நாற்பது வருஷத்தைத்தான் நம் நண்பர்கள் ஒற்றைச் சொல்லில் அடைக்கப் பார்க்கிறார்கள்.

முதலில் ‘விலைபோனவன்’ கட்சி.

விலைபோவதற்கு முதலில் விற்பனைக்கு அப்பாற்பட்ட ஓர் இடத்தில் இருந்திருக்க வேண்டும். கோப்லாண்ட் எங்கே இருந்தார்? 1977-ல் லண்டனில் ‘தி போலீஸ்’ குழுவைத் தொடங்கியவர் அவர். பாடவும் பேஸ் கிடார் வாசிக்கவும் ஸ்டிங்கைக் கூட்டிவந்தார். ஆன்டி சம்மர்ஸ் பிறகு வந்து சேர்ந்தார். குழுவின் வியாபாரத்தைப் பார்த்துக்கொண்டவர் கோப்லாண்டின் சொந்த அண்ணன். 1983 ஆகஸ்டில் நியூயார்க் ஷே ஸ்டேடியத்தில் சுமார் 70,000 பேர் முன்னால் வாசித்தார்கள். அந்த வருஷம் அவர்களுடைய ஒரு பாட்டு அமெரிக்க விற்பனைப் பட்டியலில் எட்டு வாரம் முதலிடத்தில் உட்கார்ந்திருந்தது. இது ஆசிரமம் இல்லை. ஸ்டேடியத்தை விட்டு ஸ்டுடியோவுக்குப் போனவன் ஒரு கடையிலிருந்து இன்னொரு கடைக்குப் போனான், அவ்வளவுதான். ராக் என்றால் கலகம், சினிமா என்றால் சரணாகதி என்ற பாகுபாடு அந்த இசைத்தட்டுகளை விற்ற கம்பெனிகள் நமக்கு விற்ற இன்னொரு சரக்கு.

அதோடு, குழுவுக்குள் அவர் இடம் என்ன? தொடங்கியவர் அவர், ஆனால் பாட்டுகள் ஸ்டிங்குடையவை. கடைசித் தொகுப்பான ‘சின்க்ரோனிசிட்டி’யில் கோப்லாண்ட் எழுதியது ஒரே ஒரு பாட்டு. எட்டு வாரம் முதலிடத்தில் இருந்த அந்தப் பாட்டில் அவர் வாசிப்பைக் கேட்டுப் பாருங்கள். இவ்வளவு தெரிந்த கை இவ்வளவு கொஞ்சமாக வாசிப்பதை வேறெங்கும் கேட்க முடியாது. இன்னொருவன் பாட்டுக்குத் தன்னை அளந்து கொடுக்கும் வேலையை அவர் சினிமாவில் போய்க் கற்றுக்கொள்ளவில்லை. போகும்போதே தெரிந்துகொண்டு போனார்.

பணம் வாங்கினார் என்பதா குற்றம்? காலை பத்து மணிக்குக் கவுன்டரில் உட்கார்ந்து பிறர் பணத்தை எண்ணிக் கொடுத்துவிட்டு ராத்திரியில் இலக்கிய விமர்சனம் எழுதுகிறவன் நான். கூலிக்கு உழைப்பது கலைஞனைக் கெடுத்துவிடும் என்று சொல்ல எனக்கு வாய் வராது. சொல்கிற நண்பர்களும் மாதச் சம்பளக்காரர்கள்தான்.

‘வளர்ந்தவன்’ கட்சிக்கு வருகிறேன். இதுதான் இரண்டில் அபாயகரமானது. கேட்க மரியாதையாக இருப்பதால் யாரும் எதிர்த்துப் பேசுவதில்லை.

இவர்கள் சொல்லும் கதை இப்படி: தாளம் தட்டிக்கொண்டிருந்தவன், சினிமாவில் ஸ்வரங்களைக் கற்றான், பிறகு ஆர்கெஸ்ட்ராவை, 1985-ல் சான்ஃபிரான்சிஸ்கோ பாலேவுக்குக் ‘கிங் லியர்’, 1989-ல் கிளீவ்லாண்டில் சிலுவைப் போர்க் காலத்தை வைத்து ஓபரா, 2011-ல் லண்டனில் போவின் கதையை வைத்து இன்னொரு ஓபரா. ஆக, படிப்படியாக ஏறிவிட்டான். இந்தக் கதையில் டிரம் கீழ்ப்படி, வயலின் மேல்படி, ஓபரா மொட்டைமாடி. இந்த ஏணியைச் செய்தது யார் என்று கேட்க வேண்டாமா? பத்தொன்பதாம் நூற்றாண்டு ஐரோப்பிய நடுத்தர வர்க்கம் தன் ஞாயிற்றுக்கிழமை மாலைகளுக்காகச் செய்துகொண்ட ஏணி அது. அதை நாம் இங்கே கொண்டுவந்து, யாரையோ ஏற்றிவைத்துக் கைதட்டுகிறோம்.

நம் கச்சேரி மேடையைப் பார்த்திருக்கிறவனுக்கு இது புரியாமல் போகக்கூடாது. மிருதங்கக்காரரைப் பக்கவாத்தியம் என்கிறோம். ஆனால் காலப்பிரமாணம் கலைந்தால் கச்சேரி போயிற்று. பாடுகிறவரின் மூச்சு எங்கே நிற்கும் என்பதைப் பக்கத்தில் இருக்கிறவர் முன்கூட்டியே அறிந்திருக்க வேண்டும். காலத்தைக் கையில் வைத்திருப்பவன் எந்தப் படியில் நிற்கிறான் என்று ஏணிக்காரர்கள் சொல்லட்டும்.

கோப்லாண்டின் கை வைத்திருந்த காலம் சாதாரணமானது இல்லை. அவர் தகப்பனார் அமெரிக்க உளவுத்துறைக்காரர். பையன் வளர்ந்தது கெய்ரோவிலும் பெய்ரூட்டிலும். மேற்கத்திய ராக் முதல் தட்டில் ஊன்றி நிற்பது; வாரில் ஒன்று என்றால் அங்கே கால் பதியும். பெய்ரூட்டில் அவர் காதில் விழுந்த அரபுத் தாளங்களில் ஊன்றல் வேறிடத்தில் இருந்தது. பிற்பாடு ஜமைக்காவின் ரெகே லண்டனுக்கு வந்தபோது, அதிலும் முதல் தட்டு காலியாக விடப்பட்டு மூன்றாவதில் அடி விழுவதைக் கண்டார். தமக்கு இரண்டும் ஒன்றாகவே தோன்றியதாக அவரே சொல்லியிருக்கிறார். எதிர்பார்த்த இடத்தில் அடியை விழாமல் செய்வது. விழாத இடத்தைக் காதால் நிரப்பிக்கொள்ளும்படி கேட்கிறவனை நிர்ப்பந்திப்பது. இது கீழ்ப்படி சமாச்சாரமா? காலத்தைப் பற்றிய ஒரு சிந்தனை. எழுத்தில் யாராவது செய்திருந்தால் நாம் தலையங்கமே எழுதியிருப்போம்.

இந்தச் சிந்தனையோடு ஒருவன் சினிமாவுக்குள் நுழைந்தபோது என்ன நடந்தது என்பதற்கு ஒரே ஒரு முழுமையான சாட்சியம் இருக்கிறது: 1983-ல் வந்த ‘ரம்பிள் ஃபிஷ்’.

ஃபிரான்சிஸ் ஃபோர்டு கொப்பலா 1982-ல் ஓக்லஹாமா மாநிலத்து டல்ஸா நகரத்தில் ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு படம் எடுத்தார். இரண்டும் எஸ்.இ. ஹின்டனின் நாவல்கள். இரண்டிலும் தெருச்சண்டைப் பையன்கள். இரண்டிலும் மேட் டில்லன். முதல் படமான ‘தி அவுட்சைடர்’ஸுக்கு இசை கொப்பலாவின் தகப்பனார் கார்மைன் கொப்பலா, ஜூலியார்டில் படித்தவர், நீனோ ரோட்டாவோடு ‘காட்ஃபாதர்’ இரண்டாம் பாகத்துக்கு ஆஸ்கர் வாங்கியவர். இரண்டாவது படத்துக்கு இசை, அதுவரை ஒரு படத்துக்கும் முழு இசை அமைத்திராத டிரம்மர். ஒரே ஊர், ஒரே டைரக்டர், ஒரே கதாசிரியை. இதைவிடச் சுத்தமான பரிசோதனையை யாரும் நமக்காக நடத்தித் தரப்போவதில்லை.

‘அவுட்சைடர்’ஸில் வயலின்கள் அஸ்தமனச் சூரியனைப் பார்த்து உருகுகின்றன. பையன் அழுதால் இசை அழுகிறது. நமக்குத் தெரிந்ததை நமக்கே இன்னொரு தடவை சொல்கிறது. 2005-ல் கொப்பலா இந்தப் படத்தைத் திரும்ப எடிட் செய்து நீளமாக்கி வெளியிட்டபோது, தகப்பனாரின் இசையில் பெரும்பகுதியை எடுத்துவிட்டுப் பழைய ராக் பாட்டுகளைப் போட்டார். எடுக்க முடிந்தது என்பதே அந்த இசையைப் பற்றிய விமர்சனம்.

‘ரம்பிள் ஃபிஷ்’ இசையை எடுக்க முடியாது. எடுத்தால் படமே நின்றுவிடும். காரணம் அது எப்படி உண்டானது என்பதில் இருக்கிறது. காலம் தீர்ந்துகொண்டிருக்கிறது என்பதைத் தாளத்தாலேயே சொல்ல வேண்டும் என்பது கொப்பலாவின் எண்ணம். இசையைத் தாமே செய்துகொள்ளலாம் என்றுதான் ஆரம்பித்திருக்கிறார். உதவிக்குத் தாளம் வாசிக்கக் கோப்லாண்டைக் கூப்பிட்டார். வந்தவர் தம்மைவிடத் தெரிந்தவர் என்று கண்டதும் முழுவதையும் அவர் கையில் கொடுத்துவிட்டார். இதைக் கவனிக்க வேண்டும். தாளம் என்ற யோசனை படத்தோடு கூடவே பிறந்தது. எடுத்து முடித்த படத்துக்கு மேல்பூச்சாகக் கடைசியில் வந்து சேரவில்லை.

படத்தில் மேகங்கள் வேகம் கூட்டப்பட்டு ஓடுகின்றன. சுவர் நிழல்கள் கண்முன்னாலேயே நகர்கின்றன. கடிகாரங்கள் திரும்பின பக்கமெல்லாம். டாம் வெய்ட்ஸ் கடைக்காரராக நின்று காலத்தைப் பற்றித் தனக்குத்தானே பேசுகிறார். தம்பி ரஸ்டி ஜேம்ஸுக்கு அவசரம். அண்ணன் ‘மோட்டார்சைக்கிள் பாய்’, அதாவது மிக்கி ரூர்க், இருபத்தொரு வயதிலேயே எல்லாம் முடிந்துபோனவன். நிறம் தெரியாத கண், அவ்வப்போது கேட்காமல் போகும் காது. அதனால் படம் கறுப்பு வெள்ளையில். செல்லப்பிராணிக் கடைத் தொட்டியில் தன் பிம்பத்தோடேயே சண்டை போடும் மீன்களுக்கு மட்டும் சிவப்பும் நீலமும்.

இதற்குக் கோப்லாண்ட் செய்தது என்ன? டல்ஸா தெருக்களின் சத்தங்களைப் பதிவு செய்து, அவற்றைத் தாளத்துக்குள் கோத்தார். மேலே சைலஃபோன், மரிம்பா, பியானோ. மெட்டு என்று சொல்லத்தக்கது அபூர்வம். சின்னச் சின்ன உருவகைகள் திரும்பத் திரும்ப வருகின்றன; ஒவ்வொரு தடவையும் ஊன்றல் கொஞ்சம் இடம் மாறுகிறது. ரயில் பாலத்தடியில் நடக்கும் கத்திச் சண்டையில் இசை யாருக்கும் பரிந்து பேசுவதில்லை. அடி எப்போது விழும் என்று எண்ணிக்கொண்டு மட்டும் இருக்கிறது. தம்பியின் கடிகாரம் ஒரு வேகத்திலும் அண்ணனின் கடிகாரம் இன்னொரு வேகத்திலும் ஓடுகின்றன என்பதை வசனம் சொல்வதற்கு முன்பே கேட்டுவிடுகிறோம். உணர்ச்சியை விளக்குவதற்கு வந்த இசை இது இல்லை. காலம் என்ற கதாபாத்திரத்துக்கு உடம்பாக வந்த இசை.

தொழில்நுட்பம் இல்லாமல் நாட்டுப்புறத்துக் கலைஞன் மாதிரி உள்ளுணர்வால் செய்துவிட்டார் என்று கற்பனை செய்துகொள்ளவும் வேண்டாம். ராபர்ட் ராண்டில்ஸ் உருவாக்கிய ‘மியூசிங்க்’ என்ற கம்ப்யூட்டர் ஏற்பாட்டை வைத்து, வாசித்த இசையின் வேகத்தைப் படத்தின் அசைவுகளுக்குத் தக்கபடி கூட்டிக் குறைத்துப் பொருத்தினார்கள். எந்திரம் அப்போதே இருந்தது. ஆகவே பிற்பாடு நேர்ந்ததற்கு எந்திரத்தின் தலையில் பழியைப் போடவும் முடியாது.

பிற்பாடு என்ன நேர்ந்தது?

படம் தோற்றது. சுமார் ஒரு கோடி டாலரில் எடுத்தது, இருபத்தைந்து லட்சத்தைத் தாண்டச் சிரமப்பட்டது. கொப்பலாவின் அடுத்த படத்துக்கு ஜான் பாரி இசையமைத்தார். கோப்லாண்டுக்கு கோல்டன் குளோப் பரிசுக்கான பரிந்துரை கிடைத்தது. அதைத் தொடர்ந்து வேலை கிடைத்தது. இங்கே ஒரு விஷயம் நடந்தது. சந்தை அந்தப் படத்திலிருந்து எடுத்துக்கொண்டது சத்தத்தை மட்டுமே. அந்தச் சத்தத்தைப் பிறப்பித்த உறவை விட்டுவிட்டது.

அந்தத் தொழில் நடக்கும் விதத்தைத் தெரிந்துகொள்ளாமல் இதைப் பேச முடியாது. படம் எடுத்து, வெட்டி ஒட்டி முடித்த பிறகே இசையமைப்பாளனைக் கூப்பிடுகிறார்கள். எடிட்டிங் மேஜையிலேயே வேறு ஏதோ படத்தின் இசையைத் தற்காலிகமாகப் போட்டு ஓட்டிப் பார்த்திருப்பார்கள். டைரக்டரும் தயாரிப்பாளரும் அதை நூறு தடவை கேட்டுக் காதில் ஊறிப்போயிருக்கும். பிறகு வருகிறவனிடம், ‘இதே மாதிரி, ஆனால் இது வேண்டாம்’ என்பார்கள். எங்கே இசை தொடங்கவேண்டும், எங்கே நிற்கவேண்டும் என்று பட்டியல் போட்டுக் கொடுத்துவிடுவார்கள். ஃபிலிம் ஓடுவது விநாடிக்கு 24 பிரேம். 12 பிரேமுக்கு ஒரு ‘கிளிக்’ என்று வைத்தால் நிமிஷத்துக்கு 120 தட்டு. இந்தக் கிளிக்கைக் காதில் மாட்டிக்கொண்டு வாசிக்கவேண்டும். கதவு சாத்தும் இடத்தில் அடி விழவேண்டும் என்றால் அங்கே விழவேண்டும். விழாத இடத்தைக் கேட்கச் செய்வதில் தேர்ந்த கைக்கு, விழவேண்டிய இடத்தைப் பட்டியல் போட்டுக் கொடுக்கிறார்கள். நான் சொல்ல வந்தது இந்த ஒரு வாக்கியத்தில் அடங்கும்.

டெலிவிஷன் இதை வாரக் கணக்காக்கியது. சி.பி.எஸ். ஒளிபரப்பிய ‘தி ஈக்வலைஸர்’ 1985 முதல் 1989 வரை நான்கு பருவம், 88 அத்தியாயம். ரிட்டயரான உளவாளி ஒருவர் நியூயார்க்கில் அநாதரவானவர்களுக்கு நியாயம் வாங்கித் தருகிற கதை. தலைப்பிசையும் அத்தியாயங்களில் பெருவாரியின் இசையும் கோப்லாண்டுடையவை. ஃபேர்லைட் என்ற ஆஸ்திரேலிய கம்ப்யூட்டர் வாத்தியத்தில் தனி ஆளாகச் செய்தார். தலைப்பிசை நன்றாகவே இருக்கிறது. அதை மறுக்க மாட்டேன். நகரத்தின் இரவு, பயம், ஓட்டம் எல்லாம் ஒன்றரை நிமிஷத்துக்குள் வந்துவிடுகிறது. ஆனால் அத்தியாயங்களுக்குள் போனால் அதே துடிப்பு ஒரு வேலைக்காரனாகிவிட்டதைக் கேட்கிறோம். யாரோ யாரையோ பின்தொடர்ந்தால் துடிப்பு. கார் திரும்பினால் துடிப்பு. ‘ரம்பிள் ஃபிஷ்’ஷில் காலம் தீர்வதைச் சொன்ன தாளம் இங்கே விளம்பர இடைவேளை வரைக்கும் நாற்காலியில் நம்மைப் பிடித்து உட்கார்த்திவைக்கும் பணியைச் செய்கிறது.

1987-ல் ஆலிவர் ஸ்டோனின் ‘வால் ஸ்ட்ரீட்’. படம் ஃபிராங்க் சினாட்ராவின் பாட்டோடு தொடங்குகிறது. நடுவே டேவிட் பைர்னும் பிரயன் ஈனோவும். படத்தைப் பார்த்தவர்களைக் கேட்டால் இவைதான் நினைவுக்கு வருகின்றன. இசை கோப்லாண்ட் என்று பெயர் போட்டிருப்பதை யாரும் சொல்வதில்லை. சுற்றிலும் கெட்டிக்காரத்தனமான இசை இருக்கிறது, தப்பில்லாத இசை, சம்பளத்துக்கு முழுவதும் ஈடான இசை.

பிறகு ஒரு நிகழ்ச்சி. 1993-ல் ‘பாபிலோன் 5’ என்ற விண்வெளித் தொடருக்கு முன்னோட்டமாக ஒரு டெலிவிஷன் படம் வந்தது. இசை கோப்லாண்ட். அடுத்த வருஷம் தொடர் ஆரம்பித்தபோது இசைக்கு வேறொருவர் வந்தார்: டாஞ்சரின் ட்ரீம் குழுவில் இருந்த கிறிஸ்டோஃபர் ஃபிராங்கே. அதுவும் ராக் பக்கமிருந்து வந்த ஆள்தான். 1998-ல் அந்த முன்னோட்டப் படத்தைத் திரும்ப எடிட் செய்து ஒளிபரப்பியபோது கோப்லாண்டின் இசையைத் துடைத்துவிட்டு ஃபிராங்கேயின் இசையைப் போட்டார்கள். படம் ஓடிற்று. ஒருவருக்கும் குறையில்லை. கார்மைன் கொப்பலாவுக்கு நேரப்போவது டிரம்மருக்கு முன்னதாகவே நேர்ந்துவிட்டது. படித்தவர், படிக்காதவர் என்ற வித்தியாசம் அங்கே செல்லுபடியாகவில்லை. ஏணிக்காரர்கள் இதை யோசிக்கவேண்டும். கற்றுக்கொண்டதால் அவர் இசை மாற்றமுடியாததாக ஆகவில்லை. கற்காமல் இருந்திருந்தால் காப்பாற்றப்பட்டிருக்கும் என்றும் நான் சொல்லவில்லை. அறியாமையைக் கொண்டாடுவது இன்னொரு விதமான சோம்பல்.

எதிர்வாதம் ஒன்று இருக்கிறது; நண்பர்கள் எடுப்பதற்கு முன் நானே எடுத்து வைக்கிறேன். இதே மனிதர் கென் லோச்சுக்கு மூன்று படம் இசையமைத்திருக்கிறார்: ‘ஹிடன் அஜெண்டா’, ‘ரிஃப்-ராஃப்’, ‘ரெயினிங் ஸ்டோன்ஸ்’, 1990-லிருந்து 1993-க்குள். 1998-ல் ஸியாத் தூய்ரியின் ‘வெஸ்ட் பெய்ரூட்’டுக்கும். அங்கேயும் தொழில் தொழில்தானே?

தொழில்தான். ஆனால் லோச்சின் படங்களில் நேரத்தை யார் வைத்திருக்கிறார்கள் என்று பாருங்கள். லண்டன் கட்டடத் தொழிலாளிகள் டீ குடிக்கிறார்கள், கேலி பேசுகிறார்கள், சாரத்தில் ஏறுகிறார்கள். அவர்கள் வேலையின் வேகம்தான் படத்தின் வேகம். இசைக்கு இடம் கொஞ்சம். அது அந்த வேகத்தைத் துரத்துவதில்லை. அங்கே கோப்லாண்ட் பெரும்பாலும் வாசிக்காமல் இருக்கிறார். முதல் தட்டை விட்டுவிடத் தெரிந்தவனுக்கு ஒரு காட்சியையே விட்டுவிடத் தெரியும். ‘வெஸ்ட் பெய்ரூட்’ 1975-ல் உள்நாட்டுப் போர் தொடங்கியபோது நகரத்தில் சுற்றித்திரியும் பள்ளிப் பையன்களின் கதை. அவர் காதில் முதன்முதலாகத் தாளம் விழுந்த ஊர் அது. அந்தத் தெருக்களின் நடையை அவருக்கு யாரும் கிளிக் வைத்துச் சொல்லித்தரவேண்டியிருக்கவில்லை. மறு வருஷமே ‘ஷீ’ஸ் ஆல் தட்’ என்ற ஹாலிவுட் பள்ளிக்கூடக் காதல் படம். அதே கை. இரண்டையும் அடுத்தடுத்துப் பாருங்கள். மனிதனுக்கு இடையில் ஒரு வருஷத்தில் திறமை குறைந்துவிட்டதா? பணத்தாசை திடீரென்று பிடித்ததா? இரண்டும் இல்லை. ஒரு படம் அவரிடம் இருந்த காலத்தைக் கேட்டு வாங்கியது. மற்றது தன்னுடைய காலத்தை அவர்மேல் போட்டது.

ஆகவே எதிர்வாதம் என் வாதத்தையே நிரூபிக்கிறது. கேள்வி பணம் பற்றியது இல்லை. படிப்பு பற்றியதும் இல்லை. யாருடைய கடிகாரம் ஓடுகிறது என்பதுதான் கேள்வி.

ஓபராவும் பாலேயும் இந்தக் கேள்வியிலிருந்து அவரைத் தப்பவைத்துவிட்டன என்று சொல்வார்கள். அங்கே எடிட்டர் இல்லை, விளம்பர இடைவேளை இல்லை, முழுச் சுதந்திரம். ஆனால் 2014-ல் அவர் செய்தது என்ன? 1925-ல் வந்த ‘பென்-ஹர்’ மௌனப் படத்தைத் திரையில் ஓடவிட்டு, ஆர்கெஸ்ட்ராவோடு தாமும் மேடையில் உட்கார்ந்து வாசித்தார். எல்லாச் சுதந்திரமும் கிடைத்த பிறகு ஒரு மனிதர், தொண்ணூறு வருஷத்துக்கு முந்திய, மாற்றவே முடியாத ஒரு படத்தின் நேரத்துக்குள் போய்த் தாமாகவே உட்காருகிறார். இது எனக்கு ஆச்சரியமாக இல்லை. தாளக்காரனுக்கு எதிராளி வேண்டும். எதிரே வேறொரு காலம் ஓடவேண்டும்; அதை மீறியும் அனுசரித்தும் ஏமாற்றியும் தன் காலத்தை நிலைநாட்ட வேண்டும். சுதந்திரம் என்று நாம் சொல்கிற வெற்று மைதானத்தில் அவனுக்கு வேலை இல்லை. ‘ரம்பிள் ஃபிஷ்’ அப்படிப்பட்ட எதிராளி. கொப்பலா பணிந்துபோகவும் இல்லை, பணியவைக்கவும் இல்லை. ஹாலிவுட்டும் டெலிவிஷனும் அவருக்குக் கொடுத்தது எதிராளியை இல்லை, முதலாளியை.

இதையெல்லாம் ஏதோ அமெரிக்க டிரம்மரின் கதையென்று ஒதுக்கிவிடுவது சௌகரியம். நம்மில் சிலர் சினிமாவுக்கு வசனம் எழுதப் போனார்கள். சிலர் வாரப் பத்திரிகைகளில் தொடர் எழுதினார்கள். இப்போது செல்ஃபோனில் பார்க்கிற சீரியல்களுக்குக் கதை பண்ணப் போகிறார்கள். போகிற ஒவ்வொருவரைப் பற்றியும் இதே இரண்டு தீர்ப்புகளைத்தான் டீக்கடை பெஞ்சில் கேட்டுக்கொண்டிருக்கிறேன். விலைபோய்விட்டான் என்று ஒருவர். பரவலான தளத்துக்கு வளர்ந்துவிட்டான் என்று இன்னொருவர். முதலாமவருக்கு அழைப்பு வரவில்லை. இரண்டாமவர் அழைப்புக்குக் காத்திருக்கிறார். அவன் அங்கே போய் எழுதிய ஒரு காட்சியையாவது, ஒரு அத்தியாயத்தையாவது எடுத்து வைத்துக்கொண்டு, இதில் அவன் மூச்சு எங்கே நிற்கிறது, அவனை எங்கே நிறுத்தியிருக்கிறார்கள் என்று வரிவரியாகப் பார்த்துச் சொல்லும் விமர்சனம் ஒன்றுகூட நம் பத்திரிகைகளில் வந்து நான் பார்த்ததில்லை. அது வராதவரைக்கும் தீவிரம் என்று நாம் சொல்லிக்கொள்வது வெறும் முகபாவம்.

அளவுகோல் ஒன்றும் ரகசியமானது இல்லை. அவன் செய்ததை எடுத்துவிட்டு வேறொருவன் செய்ததைப் போட்டால் அந்தப் பண்டம் நின்றுவிடுமா, ஓடுமா? ஓடினால் அவன் சம்பளத்துக்கு உழைத்திருக்கிறான். அதில் அவமானமில்லை, ஆனால் அதற்குக் கலை என்ற பேரும் வேண்டாம். நின்றுவிட்டால், அவன் எத்தனை லட்சம் வாங்கினான், எந்த வாசல் வழியாகப் போனான் என்று கேட்க நமக்கு யோக்கியதை கிடையாது. கோப்லாண்டின் நாற்பது வருஷத்தில் இந்தச் சோதனையில் தேறுவது ஒன்றோ இரண்டோ மூன்றோ. ஒரு கலைஞனுக்கு அது குறைவு என்று நினைக்கிறவர்கள் தங்கள் சொந்தத் தொகுப்புகளைப் புரட்டிப் பார்த்துக்கொள்ளலாம்.

‘ரம்பிள் ஃபிஷ்’ 94 நிமிஷம்தான். இரு கட்சி நண்பர்களும் ஒரு நாள் சேர்ந்து உட்கார்ந்து பார்க்கட்டும். காதையும் திறந்து வைத்துக்கொண்டு பார்க்கட்டும். பிறகு வந்து பேசட்டும்.